கல்லுண்ணி: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கல்லுண்ணி ஒரு கற்பனை உயிர். உவர்வெளி என்று நான் பெயரிட்டிருக்கும் பாலைக் கோளில், பெரிய ஆமையின் அளவில், ஏறக்குறைய 10 கிலோ எடையோடு, மணலைப் புடைத்துத் தின்று வாழ்வதாக அதைச் சில ஆண்டுகளாக வரைந்து வருகிறேன். படங்களையும் குறிப்புகளையும் பார்த்த நண்பர்களும் மாணவர்களும் திரும்பத் திரும்பக் கேட்டவற்றை இங்கே தொகுத்திருக்கிறேன். உயிரும் கோளும் என் கற்பனை. பூமியையும் செவ்வாயையும் பற்றி இடையில் வருபவை உண்மை. கணக்குகளை யார் வேண்டுமானாலும் போட்டுச் சரிபார்க்கலாம்.

பெயர் ஏன் இப்படி?

கல்லை உண்பதால் கல்லுண்ணி. மாட்டின் காதில் ஒட்டிக்கொண்டிருக்கும் உண்ணிக்கும் இதற்கும் உறவில்லை. எழுதும்போது தயவுசெய்து "ல்" போடுங்கள். "ள்" போட்டால் இது பனங்காட்டுப் பக்கம் போய்விடும். அந்தப் பிழையோடு எனக்கு வந்த கடிதங்கள் ஒன்றிரண்டல்ல.

கல்லைத் தின்று ஓர் உயிர் வாழ முடியுமா?

பூமியிலேயே வாழ்கின்றன; ஆனால் அவை கண்ணுக்குத் தெரியாதவை. 1887இல் செர்கேய் வினோகிராட்ஸ்கி என்னும் ரஷ்ய அறிஞர், பெஜியாட்டோவா என்ற பாக்டீரியா கந்தகச் சேர்மங்களை ஆக்சிஜனோடு சேரவைத்து, அதில் வெளிப்படும் ஆற்றலால் வாழ்கிறது என்று காட்டினார். சூரிய ஒளியும் வேண்டாம், பிற உயிரின் உடலும் வேண்டாம் என்ற வாழ்க்கை முறை ஒன்று இருப்பது அப்போதுதான் அறிவியலுக்குத் தெரிந்தது. பின்னர் இரும்பு, ஹைட்ரஜன், அம்மோனியா ஆகியவற்றால் வாழ்பவையும் கண்டறியப்பட்டன. தென்னாப்பிரிக்காவின் எம்பொனெங் தங்கச் சுரங்கத்தில், தரைக்குக் கீழே 2.8 கிலோமீட்டர் ஆழத்தில், யுரேனியத்தின் கதிர்வீச்சு நீரைப் பிளப்பதால் உண்டாகும் பொருள்களை நம்பியே வாழும் ஒரு பாக்டீரியாவைப் பற்றிய விவரம் 2008இல் வெளியானது.

எனவே "முடியுமா" என்ற கேள்விக்கு விடை எப்போதோ கிடைத்துவிட்டது. அந்தப் பிழைப்பைக் கொண்டு 10 கிலோ உடலை நடத்த முடியுமா என்பதே என் கேள்வி.

பாலை முழுக்க மணல் கிடக்கும்போது அது ஏன் இரை தேடி அலைய வேண்டும்?

மணல் பெரும்பாலும் குவார்ட்ஸ், அதாவது சிலிக்கான் ஆக்சிஜனோடு முற்றிலும் சேர்ந்துவிட்ட நிலை. அடுப்பில் விறகு எரிந்தபின் எஞ்சும் சாம்பலை மீண்டும் எரிக்க முடியாதது போல, மணலிலிருந்தும் ஆற்றல் எடுக்க முடியாது. துருவும் அப்படித்தான். செவ்வாயின் சிவப்பைக் கண்டு "இரும்புச் சாப்பாடு குவிந்து கிடக்கிறதே" என்று பலர் நினைக்கிறார்கள். அந்த இரும்பில் பெரும்பகுதி ஏற்கெனவே எரிந்து முடிந்தது. உயிருக்கு வேண்டியது இன்னும் எரியாத கனிமம்.

அப்படியானால் எதைத் தின்கிறது?

பைரைட். இரும்பும் கந்தகமும் சேர்ந்த, பித்தளை நிறத்தில் மினுங்கும் கனிமம். தங்கம் என்று எண்ணி ஏமாந்தவர்கள் எல்லா நாட்டிலும் உண்டு.

தொடக்கத்தில் இரும்பையே இரையாக வைத்திருந்தேன். கணக்கு இடம் கொடுக்கவில்லை. ஒரு கிராம் குளுக்கோஸ் முழுதாக எரிந்தால் சுமார் 16 கிலோஜூல் ஆற்றல் கிடைக்கும். அமிலச் சூழலில் இரும்புத் தின்னிப் பாக்டீரியாவுக்கு ஒரு கிராம் கரைந்த இரும்பிலிருந்து கிடைப்பதோ 0.6 கிலோஜூல், அது தவிடு கூட அல்ல, உமி. கந்தகத்தின் பக்கம் திரும்பியபோது நிலைமை மாறியது: பைரைட் ஒரு கிராமுக்கு ஏறக்குறைய 10 கிலோஜூல் தருகிறது, தூய கந்தகம் 18 கிலோஜூலைத் தொடுகிறது. எடைக்கு எடை பார்த்தால் கந்தகம் சர்க்கரையையே மிஞ்சுகிறது என்பதை நான் இருமுறை கணக்குப் போட்ட பிறகே நம்பினேன்.

உவர்வெளியின் காற்றில் ஆக்சிஜன் இல்லை என்கிறீர்கள். பிறகு எதைக் கொண்டு எரிக்கிறது?

வெடியுப்பைக் கொண்டு. குறிப்பாகச் சொன்னால் சோடியம் நைட்ரேட். நைட்ரேட்டில் உள்ள ஆக்சிஜனைக் கொண்டு கந்தகத்தை எரிக்கும் பாக்டீரியாக்கள் நம் சேற்று நிலங்களில் உண்டு. ஆக்சிஜனைவிட ஆற்றல் சிறிதளவே குறையும்.

மின்னல் வெட்டும்போது காற்றிலுள்ள நைட்ரஜன் சிறிது சிறிதாக நைட்ரேட்டாகித் தரையில் படிகிறது. மழை பெய்யும் ஊரில் அது கரைந்து ஓடிவிடும். மழையே இல்லாத இடத்தில் படிந்தது படிந்தபடி கிடக்கும். சிலி நாட்டின் அட்டகாமா பாலையில், காற்றிலிருந்து வந்த நைட்ரேட் லட்சக்கணக்கான ஆண்டுகளாகச் சேர்ந்து, வெட்டி எடுத்து உலகுக்கே விற்கும் அளவுக்குப் பாளமாகிப்போனது; அந்த உப்புக்காகவே சிலி, பெரு, பொலிவியா மூன்றும் 1879இல் போரில் இறங்கின. உவர்வெளியில் அத்தகைய நைட்ரேட் வெளிகளை நான் தாராளமாகவே வைத்திருக்கிறேன். என் கோளின் மிகப் பெரிய சலுகை இதுதான். யாராவது குறை சொல்வதென்றால் இங்கே சொல்லலாம்.

எரிபொருளும் எரிப்பதும் ஒரே கோளில் இருந்தால், அவை தாமாகவே சேர்ந்து தீர்ந்துபோயிருக்க வேண்டுமே?

இதுவரை வந்தவற்றில் மிகச் சிறந்த கேள்வி இது. கல்லுண்ணி ஏன் பாலையில் மட்டும் வாழ முடியும் என்பதற்கான விடையும் இதற்குள்தான் இருக்கிறது.

பூமியில் 240 கோடி ஆண்டுகளுக்கு முன்பு காற்றில் ஆக்சிஜன் பெருகத் தொடங்கியது. அதற்கு முற்பட்ட ஆற்றுப் படிவுகளில், தென்னாப்பிரிக்காவின் விட்வாட்டர்ஸ்ராண்டில் இருப்பதைப் போல, நீரில் உருண்டு வழவழப்பான பைரைட் மணிகள் கூழாங்கற்களோடு கிடக்கின்றன. அதற்குப் பிந்திய படிவுகளில் அவை அநேகமாக இல்லை. ஆக்சிஜனும் நீரும் சேர்ந்து அவற்றைக் கரைத்துவிட்டன. நீர் இல்லையென்றால் கதை வேறு. அருங்காட்சியகங்களில் பைரைட் கலந்த புதைபடிவங்களை வைத்திருப்பவர்கள் அறையின் ஈரப்பதம் 60 விழுக்காட்டைத் தாண்டாமல் காவல் காப்பார்கள். தாண்டினால் நூறு ஆண்டு பத்திரமாக இருந்த மாதிரி வெள்ளைப் பொடி பூத்து, அமிலம் கசிந்து, அட்டைப் பெட்டியையும் அரித்துவிடும். காற்று அதே காற்றுதான். ஈரம் மட்டுமே கூடியிருக்கும்.

உவர்வெளியிலும் அதுவே நடக்கிறது. பைரைட் மணல் ஒரு மேட்டில், நைட்ரேட் பாளம் ஒரு பள்ளத்தில். இரண்டையும் ஒன்று சேர்க்க நீர் இல்லை. நீரின்மையால் கலக்காமல் கிடக்கும் இரண்டையும் தேடிக் கொண்டுவந்து, தன் வயிற்றின் ஈரத்தில் கலப்பதே கல்லுண்ணியின் பிழைப்பு. ஈரமான கோளில் அந்த வேலையை மண்ணே செய்து முடித்திருக்கும். கல்லுண்ணிக்கு மிச்சம் இருக்காது.

பாறையைக் கடித்து நொறுக்காதா? முதல் படத்தில் பெரிய தாடை இருந்ததே?

இருந்தது, நானே அழித்துவிட்டேன். தாது ஆலைகளில் ஒரு டன் பாறையை நுண்பொடியாக்கப் பாறையின் உறுதியைப் பொறுத்து 10 முதல் 20 யூனிட் மின்சாரம் செலவாகும். நடுவாக 15 என்று வைத்தால், கல்லுண்ணி நாளொன்றுக்குத் தின்னும் 2 கிலோ பாறைக்கு 108 கிலோஜூல். தசை தனக்குக் கிடைக்கும் ஆற்றலில் கால் பங்கையே உழைப்பாக மாற்றும் என்பதால், உண்மைச் செலவு 430 கிலோஜூலைத் தாண்டும். அந்த 2 கிலோவிலிருந்து அதற்குக் கிடைக்கும் மொத்த வரவோ 360. மென்று முடிப்பதற்குள் பட்டினியால் செத்துவிடும்.

கல்லைச் சுரண்டும் பல் இயற்கையில் இல்லாமல் இல்லை. கடலோரப் பாறைகளில் ஒட்டி வாழும் கைட்டன் என்னும் மெல்லுடலியின் பற்களில் மேக்னடைட் இருப்பதை 1962இல் ஹைன்ஸ் லோவன்ஸ்டாம் கண்டறிந்தார். அந்த இரும்புப் பற்கள் தேயத் தேயப் பின்வரிசை முன்னே நகர்ந்து வரும். ஆனால் கைட்டன் கல்லுக்காகச் சுரண்டுவதில்லை, கல்மேல் படர்ந்த பாசிக்காகச் சுரண்டுகிறது.

ஆகவே கல்லுண்ணி அரைப்பதைக் காற்றிடம் விட்டுவிட்டது. காற்று யுகக்கணக்கில் அரைத்து வைத்த மணலை அது புடைக்கிறது. குவார்ட்ஸின் அடர்த்தி 2.65, பைரைட்டின் அடர்த்தி 5. முறத்தில் அரிசியைப் புடைக்கும்போது உமி பறந்து மணி தங்குவது போல, அதன் அகன்ற கீழுதட்டில் மணல் துள்ள, கனமான மணிகள் பின்னே தங்குகின்றன. இந்தப் பிரிப்பை இயற்கையே செய்வதைக் காண விரும்புவோர் கன்னியாகுமரி மாவட்டத்து மணவாளக்குறிச்சிக் கடற்கரைக்குப் போகலாம்: அலை இலேசான மணலை இழுத்துச் செல்ல, கனமான இல்மனைட்டும் கார்னெட்டும் கறுப்பும் சிவப்புமாய் வரிவரியாகத் தங்கியிருக்கும். ஒரு கைப்பிடி அள்ளினால் கையே வித்தியாசம் சொல்லும். புடைக்கும் உதட்டை வரையும் எண்ணம் எனக்கு வந்தது அந்தக் கறுப்பு வரிகளைப் பார்த்துத்தான்.

ஒரு நாளைக்கு எவ்வளவு உண்ணும்?

மணலில் 2 விழுக்காடு பைரைட் என்று கொண்டால், 2 கிலோ மணலைப் புடைத்து 40 கிராம் பைரைட். அதை எரிக்க 85 கிராம் வெடியுப்பு. வெளிவிடும் மூச்சில் ஏறக்குறைய 12 லிட்டர் நைட்ரஜன். ஆற்றலில் பாதி வீணாகும் என்று வைத்தாலும் 180 கிலோஜூல் எஞ்சும். அதே எடையுள்ள பூமியின் ஊர்வனவற்றைவிடவும் இது மந்தமான வாழ்க்கை. ஓடவோ துரத்தவோ போதாது. அதைத் துரத்துவதற்கும் அங்கே யாரும் இல்லை.

முதுகில் இருக்கும் திமில் எதற்கு?

அது வெடியுப்புக் கிடங்கு. பைரைட் கிடைக்கும் இடமும் நைட்ரேட் கிடைக்கும் இடமும் வேறு வேறு என்பதால் ஒன்றை இன்னொன்றிடம் சுமந்து செல்ல வேண்டும். ஒரு மாதத்துக்குத் தேவை 2.5 கிலோவுக்குச் சற்று மேல். முதலில் அதைக் கரைசலாக வைத்திருந்தேன். அத்தனை உப்பைக் கரைக்க கிட்டத்தட்ட 3 லிட்டர் நீர் வேண்டும் என்றும், உப்பும் நீருமாக உடலின் பாதியைத் தாண்டிவிடும் என்றும் தெரிந்ததும் படிகமாக மாற்றினேன். படிகமானால் ஒன்றே கால் லிட்டர் இடம் போதும். கட்டுச்சோறு போல வேண்டும்போது கொஞ்சம் எடுத்து நனைத்துக்கொள்ளும்.

இந்த எண்ணமும் என் சொந்தமல்ல. நமீபியக் கடலடிச் சேற்றில் 1997இல் ஹைடி ஷுல்ஸ் கண்டெடுத்து, 1999இல் விவரிக்கப்பட்ட தியோமார்கரிட்டா நமிபியென்சிஸ் என்னும் பாக்டீரியாவிடமிருந்து வாங்கியது. அதன் பெயருக்கு நமீபியாவின் கந்தக முத்து என்று பொருள். ஒற்றை உயிரணுவாக இருந்தும் முக்கால் மில்லிமீட்டர் வரை வளர்வதால் வெறுங்கண்ணுக்கே தெரியும். உடலின் பெரும்பகுதி நைட்ரேட் கரைசல் நிரம்பிய குமிழ்; ஓரத்தில் கந்தகத் துகள்கள் வெள்ளையாய் மின்னும். சேற்றில் சல்ஃபைடு உண்டு, நைட்ரேட் இல்லை. மேலே உள்ள நீரில் நைட்ரேட் உண்டு, சல்ஃபைடு இல்லை. புயல் வந்து சேற்றைக் கலக்கும்போது நைட்ரேட்டை நிரப்பிக்கொண்டு, அடுத்த கலக்கம் வரை அதை வைத்துக் காலம் தள்ளுகிறது. அதன் உறவான தியோப்ளோக்கா, சிலி நாட்டுக் கடலடியில் புயலுக்குக் காத்திராமல் தானே மேலும் கீழும் ஊர்ந்து இரண்டையும் சேர்க்கிறது. அந்தச் சில சென்டிமீட்டர் பயணத்தைத்தான் கல்லுண்ணிக்கு நான் பதினைந்து நாள் நடையாக நீட்டியிருக்கிறேன்.

கந்தகம், வெடியுப்பு இரண்டையும் சுமக்கும் உயிர் வெடிக்காதா?

சிவகாசிப் பக்கத்து வாசகர் ஒருவர் கேட்டது. அவர் கேட்காமல் வேறு யார் கேட்பார்கள்? முக்கால் பங்கு வெடியுப்பும் மீதி கரியும் கந்தகமும் சேர்ந்ததுதான் பழைய வெடிமருந்து. ஆனால் அதற்கு மூன்றும் நுண்பொடியாக, நெருக்கமாக, உலர்வாகக் கலந்திருக்க வேண்டும். கல்லுண்ணியில் உப்பு முதுகிலும் பைரைட் வயிற்றிலும் இருக்கின்றன. இரண்டும் சந்திக்கும் ஒரே இடம் ஈரமானது. போதாததற்கு, சோடியம் நைட்ரேட் காற்றின் ஈரத்தை இழுத்துப் பிசுபிசுக்கும் குணமுடையது. வெடிமருந்து செய்தவர்கள் பொட்டாசியம் நைட்ரேட்டையே விரும்பியது அதனால்தான்.

செரிப்பது யார், விலங்கா நுண்ணுயிரா?

நுண்ணுயிர்கள். கனிமத்தை எரித்துத் தாமே வாழும் விலங்கு பூமியில் ஒன்றும் இல்லை. அதைச் செய்யும் பாக்டீரியாக்களைக் குடிவைத்துக்கொண்டவையே உண்டு. 1977இல் கலாபகஸ் தீவுகளுக்கு அருகே, கடலடி வெந்நீர் ஊற்றுகளில் மனித உயரத்துக்குக் குழாய்ப்புழுக்கள் காணப்பட்டன. அவற்றுக்கு வாயும் இல்லை, குடலும் இல்லை. உடலுக்குள் வாழும் கந்தகப் பாக்டீரியாக்களே அவற்றுக்கு உணவூட்டுகின்றன என்பதை 1981இல் கொலீன் கவனா விளக்கினார். கல்லுண்ணி அந்தப் புழுவின் ஏற்பாட்டை நான்கு கால்களின் மேல் ஏற்றிய வடிவம்.

நீர் எங்கிருந்து?

மழைக்காலத்தில் சமையலறை உப்பு ஜாடி நீர்த்துப்போவதைப் பார்த்திருப்பீர்கள். ஈரப்பதம் 75 விழுக்காட்டை எட்டியதும் சமையலுப்பு காற்றிலிருந்தே நீரை இழுத்துக் கரையத் தொடங்கும். அட்டகாமாவின் யுங்காய் பகுதியில், மழையே காணாத உப்புக் கட்டிகளுக்குள் இப்படிச் சேரும் ஈரத்தில் பாக்டீரியாக்கள் வாழ்வதை 2006இல் கண்டார்கள். உவர்வெளியில் இரவு குளிர்ந்ததும் ஈரப்பதம் ஏறும். அப்போது கல்லுண்ணி திமிலின் மேல்தோலைத் திறந்து வைக்கும்.

எச்சம் என்ன?

தின்ற பைரைட்டைவிட எச்சம் எடை கூடியது. நாளொன்றுக்கு 70 கிராம் சோடியம் சல்ஃபேட், 35 கிராம் துரு. உண்டாகும் சிறிதளவு அமிலத்தை முறிக்க அது விழுங்கும் சுண்ணக்கல் மணிகளால் 30 கிராம் ஜிப்சம். அந்த முறிப்பில் வெளிவரும் கார்பன் டை ஆக்சைடு உடலைக் கட்டவும் பயன்படுகிறது. வெள்ளையும் செம்பழுப்புமான இந்த வில்லைகள் அது போன வழியெல்லாம் கிடக்கும்.

மனிதரைத் தின்னுமா?

உங்கள் உடலில் இருக்கும் இரும்பு சுமார் 4 கிராம். அதற்காக அது வாயைத் திறக்காது.

அதன் உடல் சிலிக்கானால் ஆனதா?

இல்லை, கார்பன். கார்பன் எரிந்தால் வாயு, ஊதி வெளியேற்றலாம். சிலிக்கான் எரிந்தால் மணல். மூச்சுவிடும்போதெல்லாம் மணல் கக்கும் உயிரை என்னால் வரைய முடியவில்லை.

செவ்வாயில் இது வாழுமா?

உணவுக்குப் பஞ்சமில்லை. 2008இல் ஃபீனிக்ஸ் கலம் வடதுருவ மண்ணில் ஏறத்தாழ அரை விழுக்காடு பெர்குளோரேட்டைக் கண்டது. அதுவும் நைட்ரேட்டைப் போலக் கந்தகத்தை எரிக்க வல்லது. கேல் பள்ளத்தில் கியூரியாசிட்டி ஊர்தி நைட்ரேட் கண்டதாக 2015இல் அறிவித்தார்கள். 2024இல் அதே ஊர்தியின் சக்கரம் ஏறி உடைந்த ஒரு கல்லுக்குள் மஞ்சள் நிறத் தூய கந்தகப் படிகங்கள் இருந்தன. அந்தப் படத்தைப் பார்த்தபோது எனக்குச் சற்று நேரம் பேச்சு வரவில்லை. ஆனால் செவ்வாயின் குளிரிலும் மெல்லிய காற்றிலும் நீர் நீர்மமாக நிற்பது அரிது. இலை போட்டுப் பரிமாறியாயிற்று, உண்பதற்கு ஈரமான வாய் இல்லை.

இப்படிப்பட்ட உயிர் எப்படித் தோன்றியிருக்கும்?

பாலையில் தோன்றவில்லை. உவர்வெளியில் முன்பு ஏரிகள் இருந்தன. கல்லுண்ணியின் மூதாதையர் கரைச்சேற்றில் தியோப்ளோக்கா போலவே மேலும் கீழும் ஊர்ந்தவை. ஏரி சுருங்கச் சுருங்க இரண்டு உணவுக்கும் இடையிலான தொலைவு நீண்டது, கால் வந்தது.

மழை பெய்தால் என்ன ஆகும்?

பஞ்சம் வரும். அட்டகாமாவின் யுங்காயில், நினைவுக்கெட்டிய காலம்வரை பெய்யாத அளவு மழை 2017 ஜூனில் பெய்து குட்டைகள் தேங்கின. பாலை பூக்கும் என்று எதிர்பார்த்தவர்கள் நீரைச் சோதித்தபோது, முன்பு அம்மண்ணில் இருந்த நுண்ணுயிர் இனங்களில் பெரும்பாலானவை அழிந்திருந்தன. வறட்சிக்கென்றே அமைந்த உயிரணுக்கள் திடீரென வந்த நீரை உறிஞ்சி வெடித்துவிட்டன.

கல்லுண்ணிக்கு முதல் ஆபத்து திமிலில்: உப்பு கரைந்து வழிந்துவிடும். அதனால் வானம் இருண்டதுமே அது மேட்டுக்கு ஏறி, தோல்மடிப்புகளை இறுக மூடி, தலையை உள்ளிழுத்துக்கொள்ளும். இரண்டாவது ஆபத்து மழை நின்ற பிறகு. நைட்ரேட் வெளிகள் கரைந்து, ஏதோ ஒரு தாழ்நிலத்தில் உப்பு ஏரியாகத் தேங்கி நிற்கும். அது வற்றிப் பாளமாகும்வரை புதிய உப்பு இல்லை. திமிலில் இருப்பது 30 நாள் உப்பு. புடைப்பதை நிறுத்தி அசையாமல் கிடந்தால் 90 நாள். அத்தனை நாளும் அது மேட்டின் மேல், ஏரி இருக்கும் திசையை நோக்கிப் படுத்திருக்கும்.